அக்காவின் கலியாணமும் மூத்தப்பாவின் கொப்பியும்

அக்காவுக்குக் கலியாணம் பொருந்தின அன்றைக்கே வேலையெல்லாம் பிரித்துக் கொடுத்துவிட்டார்கள். மாமாவுக்குப் பந்தல், பெரியப்பாவுக்குச் சமையல்காரர், சின்னம்மாவுக்குப் பலகாரம். எனக்கு என்ன என்று கேட்டேன். "நீ வாசல்ல கையெழுத்துப் புத்தகத்தோட நில்லு" என்றார்கள். வீட்டில் ஆகக் கடைசிப் பிள்ளைக்கு ஆகச் சின்ன வேலை.

உங்களுக்கும் அந்தப் புத்தகம் தெரியும். வெள்ளை மட்டை, பொன் ஓரம், பக்கத்தில் ரிப்பன் கட்டின பேனை. வருகிறவர்கள் ஒரு கையில் பிள்ளையையும் மறு கையில் பரிசுப் பார்சலையும் வைத்துக்கொண்டு குனிந்து ஒரு கீறல் கீறுவார்கள். பிறகு அந்தப் புத்தகம் அலுமாரிக்குள் கூறைக்குக் கீழே போய்விடும்.

மூன்று வருசத்துக்கு முதல் கலியாணம் முடித்த மச்சாளிடம் அவளுடைய புத்தகத்தைக் கேட்டேன். தேடி எடுக்கவே அரை மணித்தியாலம் போனது. இரண்டு பேரும் இருந்து வாசித்தோம். "வாழ்க வளமுடன்", "பல்லாண்டு வாழ்க", திரும்பவும் "வாழ்க வளமுடன்". பாதிக் கையெழுத்து ஆருடையது என்று அவளுக்கே தெரியவில்லை. ஒரு பக்கத்தில் மட்டும் ஒரு சின்னப் பிள்ளை மீன் கீறி வைத்திருந்தது. "இது எங்கட தங்கச்சிட மகன்" என்று மச்சாள் சட்டென்று சொன்னாள். முழுப் புத்தகத்திலும் அவளுக்கு முகம் தெரிந்த பக்கம் அது ஒன்றுதான்.

அக்கா அதற்குள் என்னுடைய வட்ஸ்அப்பை நிரப்பிவிட்டாள். எல்லாம் வெளிநாட்டுக் கலியாணப் படங்கள். மரம் கீறி இலைக்குப் பதிலாகப் பெருவிரல் அடையாளம் வைக்கிறது, உடனே படம் துப்புகிற கமராவால் படமெடுத்து ஒட்டுகிறது, பழைய தொலைபேசியில் பேசிப் பதிகிறது, போத்தலுக்குள் கடிதம் போட்டுப் பத்து வருசம் கழித்துத் திறக்கிறது. "இதில ஒண்டு செய் தம்பி, சும்மா புத்தகம் வேணாம்" என்று குரல் செய்தி வேறு.

சரி என்று தொடங்கினேன். முதலில் மரம். அழகான யோசனை, செலவும் குறைவு, ஒரு தாளும் மைப்பெட்டியும் போதும். கீறி முடித்து, முதல் இலை பெத்தாவுடையதாக இருக்கட்டும் என்று மைப்பெட்டியைக் கொண்டுபோய் நீட்டினேன். பெத்தா கையைப் பின்னுக்கு இழுத்துக்கொண்டார்.

"ஏன் மனே, எனக்குக் கையெழுத்துப் போடத் தெரியாதெண்டா நினைச்ச?"

எனக்கு விளங்கவில்லை. அம்மாதான் பிறகு சொன்னார். பெத்தா பள்ளிக்கூடம் போனது இரண்டாம் வகுப்பு வரைக்கும். சங்கக்கடையிலும் கச்சேரியிலும் பெருவிரல் வைக்கச் சொல்லுகிற நேரமெல்லாம் ஆக்கள் பார்க்கிறார்கள் என்று கூனிக் குறுகிப் போவாராம். நாற்பது வயசுக்குப் பிறகு, அம்மாவின் சிலேட்டில் இருந்துதான் தன் பெயரை எழுதப் பழகியிருக்கிறார். ஏழு எழுத்து. அதற்குப் பிறகு ஒரு இடத்திலும் விரல் வைத்ததில்லை. எங்கோ ஒரு ஊரில் விரல் அடையாளம் விளையாட்டு. எங்கள் ஊரில் அது எழுதத் தெரியாதவர் என்பதற்கான முத்திரை. பதிவு, விசாரணை என்று மைக்குள் விரலை அமத்தின காலத்தை மறக்காத ஆக்களும் பந்தலுக்கு வருவார்கள். மரத்தைச் சுருட்டி வைத்துவிட்டேன்.

அடுத்தது கமரா. ஃபுஜி நிறுவனம் 1998 இல் கொண்டுவந்த இன்ஸ்டாக்ஸ் வகைதான் இப்போது எல்லாருடைய கலியாண வீடியோவிலும் வருகிறது. ஒரு பெட்டிக்குப் பத்துப் படம். எங்கள் கலியாணத்துக்கு நானூறு பேர் என்று கணக்கு. நாற்பது பெட்டி! அப்பாவிடம் விலையைச் சொன்னேன். அவர் ஒன்றும் சொல்லாமல் கால்குலேட்டரைத் தள்ளி வைத்தார். அந்தப் பாசை எனக்கு விளங்கும்.

இப்படி ஒவ்வொன்றாக விழுந்துகொண்டு வர, ஒருநாள் பெத்தாவே கேட்டார், "வந்த ஆக்கள்ற பேர்தானே எழுதணும்? மூத்தப்பா எழுதின கொப்பி கிடக்கு, பாரன்."

மூத்தப்பா நான் பிறக்க முதலே போய்விட்டார். அவருடைய கொப்பி பரணில் ஒரு தகரப் பெட்டிக்குள், பழைய காணி உறுதிகளோடு இருந்தது. அம்மாவின் கலியாணப் படம் ஒன்றும் எங்கள் வீட்டில் கிடையாது. கல்லடியில் மாமி வீட்டில் வைத்திருந்த அல்பம் 2004 சுனாமியோடு போய்விட்டது. அதனால் அம்மாவின் கலியாணத்துக்கு மிஞ்சியிருக்கிற ஒரே அத்தாட்சி அந்த நாற்பது பக்கக் கொப்பிதான்.

அதில் இரண்டு கலியாணம் இருக்கிறது. முன் பாதி 1988, பெரியம்மாவுடையது. பின் பாதி 1994, அம்மாவுடையது. ஊர் ஊராகப் பிரித்து எழுதியிருக்கிறார். முதலில் எழுவான்கரை: செட்டிபாளையம், தேற்றாத்தீவு, களுதாவளை, கிரான்குளம், ஆரையம்பதி. பிறகு படுவான்கரை: அம்பிளாந்துறை, கொக்கட்டிச்சோலை, முனைக்காடு, அரசடித்தீவு. ஒவ்வொரு பெயருக்கும் பக்கத்தில் கொண்டுவந்தது: ரூபா 51, சீலை ஒன்று, குத்துவிளக்கு, நெல்லு ஒரு மூட்டை, "கையால் சமையலுக்கு உதவினது".

அந்தக் கடைசி வரி எனக்குப் பிடித்துக்கொண்டது. காசு கொடுத்தவருக்கு ஒரு வரி என்றால், தேங்காய் திருவினவருக்கும் ஒரு வரி.

தமிழ்நாட்டில் மொய் நோட்டு என்று வைத்திருப்பதும் இப்படித்தான். புதுக்கோட்டை, பேராவூரணிப் பக்கம் மொய் வாங்குவதற்கென்றே விருந்து வைக்கிறார்கள். ஆர் எவ்வளவு வைத்தார் என்று எழுதிவைத்து, அவர் வீட்டு விசேசத்தில் திருப்பி வைக்கவேண்டும். மூத்தப்பாவின் கொப்பியிலும் அந்தக் கணக்கு இருக்கிறதுதான். சில பெயர்களுக்கு எதிரே வேறு மையால் "திருப்பினது" என்று எழுதியிருக்கிறார். ஆனால் கையால் உதவினதை எப்படித் திருப்புகிறது? அதற்கும் "திருப்பினது" போட்டிருக்கிறார். அவர்கள் வீட்டுக் கலியாணத்துக்குப் பெத்தா போய்ச் சமைத்திருக்கிறார்.

கொப்பியைத் திரும்பத் திரும்பப் பார்த்ததில்தான் அது கண்ணில் பட்டது. 1988 இல் ஆரையம்பதிக்குக் கீழே காத்தான்குடி என்று ஒரு தலைப்பு. அதன் கீழ் மூன்று பெயர். துணிக்கடைக் காக்கா, அவருடைய தம்பி, மாட்டு வியாபாரி ஒருவர். துணிக்கடைக் காக்காவுக்கு நேரே "கூறைக்குக் காசு பிறகு தரச் சொன்னார்" என்று இருந்தது. 1994 இல் ஆரையம்பதிக்குப் பிறகு நேரே படுவான்கரை வந்துவிடுகிறது. காத்தான்குடி என்ற தலைப்பே இல்லை.

நடுவில் 1990 இருக்கிறது. அந்த வருசம் யூலையில் எங்கள் ஊர்வழியால் காத்தான்குடிக்குப் போன முஸ்லிம் பயணிகள் புலிகளால் மறிக்கப்பட்டு, கொண்டுபோய்க் கொல்லப்பட்டார்கள். ஓகஸ்ட் 3ஆம் திகதி காத்தான்குடிப் பள்ளிவாசல்களில் தொழுதுகொண்டு நின்ற ஆக்கள் சுடப்பட்டார்கள். செப்டம்பர் 9ஆம் திகதி சத்துருக்கொண்டானில் படையினர் தமிழ்ச் சனத்தைப் பிள்ளைகளோடு கொன்றார்கள். இதெல்லாம் நான் பிறக்க முதல் நடந்தது. பள்ளிக்கூடத்தில் எங்களுக்கு ஆரும் சொல்லித் தரவில்லை. ஊரின் பெயரைப் போனில் தேடினபோதுதான் முதல் முறையாக வாசித்தேன்.

பெத்தாவிடம் கொப்பியைக் காட்டிக் கேட்டேன். "94 இல அவங்க வரல்லையா, நாங்க சொல்லல்லையா?"

பெத்தா கனநேரம் வெற்றிலையை மென்றார். "ரெண்டும்தான் மனே."

மறுகா அவரே சொன்னார், "கூறைக்காசு குடுத்து முடிச்ச. அது கடன் இல்ல."

அந்த வருசத்து இரண்டு பக்கமும் என்னை விடவில்லை. விருந்தினர் புத்தகம் என்றால் வந்தவர்களுடைய பெயர் மட்டும் என்றுதான் நினைத்திருந்தேன். இரண்டு புத்தகத்தைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்தால் வராமல் போனவர்களும் தெரிகிறார்கள். 1988 இன் சில பெயர்களுக்கு முன்னால் மூத்தப்பா பிறகு ஒரு சின்னப் புள்ளி வைத்திருக்கிறார். பெரியப்பாவின் மூத்த மகனுடைய பெயருக்கு முன்னாலும் அந்தப் புள்ளி இருக்கிறது. 1990 இல் சுற்றிவளைப்பில் பிடித்துக்கொண்டு போனது. இன்னும் வரவில்லை.

அக்காவிடம் எல்லாவற்றையும் சொன்னேன். அவள் கொப்பியை வாங்கிப் பார்த்துவிட்டு, "அப்ப நீ ஊர் ஊராவே செய்" என்றாள். அப்படித்தான் எங்கள் பலகை பிறந்தது.

நான்கடிக்கு மூன்றடி பிளைவுட் துண்டு ஒன்று எடுத்தேன். மட்டக்களப்பு வாவியை நடுவில் நீலத்தால் வரைந்தேன். வாவி சுமார் 56 கிலோமீற்றர் நீளம். அதை ஒரு பலகைக்குள் அடக்குகிறது லேசில்லை, வளைவுகளை ஒள்ளுப்பம் சுருக்கத்தான் வேண்டியிருந்தது. கிழக்கே எழுவான்கரை, அதற்கங்கால் கடல். மேற்கே படுவான்கரை. 2014 இல் திறந்த மண்முனைப் பாலத்தை ஒரு கோடாகப் போட்டேன். எங்கள் துறையில் இருந்து அம்பிளாந்துறைக்குப் போகிற பாதையைச் சின்னப் படமாகக் கீறினேன். (வெளியூர் வாசகர்களுக்கு: எங்கள் பக்கம் பாதை என்றால் ரோட்டு இல்லை, வாவியைக் கடக்கிற மிதவை.) அத்தான் அம்பிளாந்துறை. அவர் வாவியைக் கடந்து எங்கள் வீட்டுக்கு வருகிறார், அக்கா எங்கும் போகவில்லை. கடலுக்குள் நான்கு தீவு கீறி இலண்டன், ரொறொன்ரோ, கட்டார், சவூதி என்று எழுதினேன். வருகிறவர் தன் ஊரைத் தேடி, அந்த இடத்தில் பெயர் எழுதவேண்டும். அவ்வளவுதான்.

காத்தான்குடியை எழுதுகிறபோது அம்மா பின்னால் நின்று பார்த்தார். ஒன்றும் சொல்லவில்லை. இரண்டு நாள் கழித்து அப்பாவிடம், "துணிக்கடைக் காக்காட மகன் இப்ப கடையில இருக்கிறாராம், போய்ச் சொல்லிட்டு வாங்களன்" என்றார்.

பெரியப்பாவுக்கு அது பிடிக்கவில்லை. கத்தவில்லை, அவர் கத்துகிற ஆள் இல்லை. "எல்லாருக்கும் சொல்லுங்க. என்ர பிள்ளைட பேர ஆர் எழுதுற?" என்று மட்டும் கேட்டார். அதற்கு எங்கள் ஒருவரிடமும் மறுமொழி இருக்கவில்லை.

அப்பாவும் நானும் போனோம். வெற்றிலை வட்டாவோடு போகிறதா வேண்டாமா என்று வீட்டில் ஒரு விவாதம். கடைசியில் அழைப்பிதழும் ஒரு சீப்பு வாழைப்பழமும். காக்கா காலமாகிவிட்டார். மகனுக்கு ஐம்பது வயசிருக்கும். 1988 கலியாணத்துக்குத் தானும் வாப்பாவின் சைக்கிளில் முன்னுக்கு இருந்து வந்ததாகச் சொன்னார். அவர்களுக்கும் வீடு மகளுக்குத்தான், மாப்பிள்ளை பெண் வீட்டுக்குத்தான். மக்கில்வ்ரே என்ற அமெரிக்க மானிடவியலாளர் அக்கரைப்பற்றில் இருந்து ஆராய்ந்து 2008 இல் வெளியிட்ட புத்தகத்தில், தாய்வழிக் குடி முறை இரண்டு சமூகத்துக்கும் பொது என்று விரிவாக எழுதியிருக்கிறார். அப்பாவுக்கு அந்தப் புத்தகம் தெரியாது. "மாப்பிள்ள எந்தப் பக்கம்?" "படுவான்கரை." "அப்ப உங்கட வீட்டுக்கு வாறார்." "ஓம் ஓம்." அதோடு இரண்டு பேருக்கும் கதை ஓடத் தொடங்கிவிட்டது.

கலியாணத்தன்று பலகை நல்ல வேலை செய்தது. வாசலில் குனிகிறதுக்குப் பதிலாக ஆக்கள் கூட்டமாக நின்றார்கள். "எங்கட மகிழடித்தீவு எங்க, நீ தண்ணிக்குள்ள போட்டிருக்காய்" என்று ஒருவர் சண்டை. குருமண்வெளியும் மண்டூரும் எதிரெதிரே சரியாக இருக்கிறதா என்று இரண்டு பேர் அளந்து பார்த்தார்கள். கையெழுத்து வாசிக்க முடியாமல் இருந்தாலும் ஊரைப் பார்த்து ஆள் ஆரென்று பிடிக்கலாம். பெத்தா குருக்கள்மடத்துக்கு மேலே தன் ஏழு எழுத்தையும் எழுதினார். ஆறுதலாக, ஒவ்வொன்றாக. பின்னால் பத்துப் பேர் காத்து நின்றார்கள், ஒருவரும் அவசரப்படுத்தவில்லை.

பத்து மணிக்குப் பிறகுதான் பிழை விளங்கியது. பலகை நிற்கிறது வாசலில். வாசலால் வருகிறவர்கள் பட்டுச்சீலை கட்டினவர்கள் மட்டும். முதல் நாள் இரவே பின்வளவால் வந்து மரக்கறி வெட்டினவர்கள், பெரிய கிடாரம் தூக்கினவர்கள், மேளக்காரர், வான் றைவர்மார், இவர்களில் ஒருவருடைய பெயரும் இல்லை. ஒரு சின்னக் கொப்பியை எடுத்துக்கொண்டு குசினிப் பக்கம் ஓடினேன். "எங்கட பேர் என்னத்துக்குகா" என்று வெட்கப்பட்டார்கள். மூத்தப்பாவின் வரியைச் சொன்னேன். பிறகு எழுதினார்கள்.

எழுத விருப்பமில்லாதவர்களுக்கு இன்னொன்றும் வைத்திருந்தோம். உள் அறையில் பழைய போன் ஒன்று, பதிவு செய்கிற செயலியோடு. பக்கத்தில் ஒரு மட்டையில் ஒரே கேள்வி: "உங்கட கலியாணத்தன்று என்ன நடந்தது?" வாழ்த்துச் சொல்லச் சொன்னால் எல்லாரும் ஒரே வாழ்த்துத்தான் சொல்வார்கள். கதை கேட்டால் ஒவ்வொருவரும் வேறு. பெரியம்மா மழை வந்து பந்தல் சரிந்ததைச் சொன்னார். ஒரு ஆச்சி வெள்ளத்தில் தோணியில் மாப்பிள்ளை வந்ததைச் சொல்லிவிட்டு, கடைசியில் போனுக்குள்ளேயே ஒரு குரவை போட்டார். அக்கா அதைத்தான் இப்போது அழைப்பு ஒலியாக வைத்திருக்கிறாள்.

பெரியப்பாவும் உள்ளே போனார். கதவைச் சாத்திக்கொண்டு பத்து நிமிசம். அந்தப் பதிவை நான் கேட்கவில்லை. அக்கா கேட்டாள். அன்று பின்னேரம் அவள் கூறையோடேயே பலகைக்கு வந்து, குருக்கள்மடத்தில் பெத்தாவின் பெயருக்குப் பக்கத்தில் அண்ணன்ட பெயரை எழுதினாள். புள்ளி வைக்கவில்லை.

துணிக்கடைக்காரர் அன்று வரவில்லை. காத்தான்குடிப் புள்ளி வெறுமையாகவே இருந்தது. நான் ஒருவரிடமும் சொல்லவில்லை, ஆனால் ஒரு பத்துத் தரமாவது போய்ப் பார்த்திருப்பேன். மூன்றாம் நாள் பின்னேரம் மோட்டார் சைக்கிளில், மனைவியோடு, ஒரு சீலைப் பையோடு வந்தார். சனிக்கிழமை கடையை விட்டு வரமுடியவில்லை என்றார். தேத்தண்ணி குடித்தார். பலகையைக் காட்டினோம். மார்க்கரை வாங்கி முதலில் வாப்பாவின் பெயரை எழுதி, கீழே தன்னுடையதை எழுதினார். எழுதிவிட்டு எங்கள் ஊரைத் தேடி, காத்தான்குடியில் இருந்து விரலால் கோடு இழுத்துப் பார்த்தார். "கிட்டத்தான். ஆனா இந்த ரோட்டால நாங்க கனகாலம் இரவில வாறல்ல" என்றார். அம்மா இன்னும் ஒரு துண்டு கேக் வைத்தார். அதற்கு மேல் ஒருவரும் அதைப் பற்றிப் பேசவில்லை. எல்லாம் சரியாகிவிட்டது என்று எழுத நான் ஆளில்லை. ஒரு புள்ளியில் இரண்டு பெயர் இருக்கிறது.

வந்த இடத்தில் பெயர் எழுதுகிற ஆசை நம் நாட்டில் பழசுதான். சிகிரியாவின் கண்ணாடிச் சுவரில் 8ஆம் நூற்றாண்டில் இருந்து 10ஆம் நூற்றாண்டு வரை வந்துபோன ஆக்கள் கவி கீறி வைத்தார்கள், பலர் தங்கள் பெயரையும் ஊரையும் சேர்த்து. அதில் 685 கவிகளைப் பரணவிதான வாசித்து 1956 இல் புத்தகமாக்கினார். இங்கிலாந்தில் 17ஆம் நூற்றாண்டில் தொடங்கிய குவேக்கர் என்ற சமயக் குழுவில் கலியாணம் செய்துவைக்கப் பூசகர் இல்லை. வந்திருக்கிற எல்லாரும் சான்றிதழில் கையெழுத்து வைப்பார்கள், பிள்ளைகளும்கூட. நம் நாட்டுப் பதிவுக்கு இரண்டு சாட்சி போதும். அவர்களுக்கு முழுச் சபையும் சாட்சி. கையெழுத்துப் புத்தகத்தை அப்படிப் பார்த்தால் வாசல் வேலை அவ்வளவு சின்ன வேலை இல்லை என்று இப்போது நினைக்கிறேன்.

உங்கள் வீட்டிலும் கலியாணம் வந்தால், நான் பட்டுத் தெரிந்துகொண்டவை:

1. முதலில் வீட்டில் பழைய கொப்பி, பழைய அழைப்புப் பட்டியல் ஏதும் கிடக்கிறதா என்று பாருங்கள். வெளிநாட்டுப் படத்தை அதற்குப் பிறகு பார்க்கலாம்.

2. பலகை செய்தால் மார்க்கரின் மேல் வார்னிஸ் பூச முதல் ஒரு துண்டில் பரிசோதியுங்கள். நான் பரிசோதித்த துண்டில் என் பெயர் கரைந்து ஓடிவிட்டது. நாங்கள் வார்னிஸ் பூசாமல் மேலே கண்ணாடி போட்டோம்.

3. குரல் பதிவுக்கு ஜெனரேற்றருக்கும் மேளத்துக்கும் தூரமான அறை வேண்டும். போனைத் தொடப் பயப்படுகிறவர்களுக்கு உதவியாக ஒரு தங்கச்சியை இருத்துங்கள். பதிவுகளை அன்றிரவே இரண்டு இடத்தில் சேமியுங்கள். வட்ஸ்அப்பில் வந்த குரல்களையும் இறக்கி வையுங்கள், போன் மாறினால் போய்விடும்.

4. உடனடிக் கமரா எல்லாருக்கும் கட்டாது. இரண்டு பெட்டி வாங்கி, வயசான ஆக்களை மட்டும் எடுங்கள். ஒரு படத்தை அவர்கள் கையிலேயே கொடுத்துவிடுங்கள்.

5. துணியில் எழுதுகிறதும் நல்லது. என் கூட்டாளி ஒருத்தி மருதமுனைக் கைத்தறித் துணியில் பெயர்களை எழுதுவித்து, பிறகு அவளும் தாயும் நூலால் தைத்தார்கள். மை பரவுகிறதா என்று முதலில் பாருங்கள்.

6. பேனையோடு குசினிக்குப் போங்கள்.

7. விரல் மை வைக்க முதல் உங்கள் பெத்தாவிடம் கேளுங்கள்.

பலகை இப்போது மண்டபத்துச் சுவரில் தொங்குகிறது. மூத்தப்பாவின் கொப்பியில் கடைசியில் பதினொரு பக்கம் மிச்சம் இருந்தது. பலகையில் உள்ள பெயர்களையும் குசினிக் கொப்பியையும் பார்த்து, ஊர் ஊராக, அவர் எழுதின மாதிரியே எழுதிக்கொண்டு வருகிறேன். ஆரையம்பதி முடிந்து காத்தான்குடி என்று தலைப்புப் போட்டு, ஒரு பக்கம் முழுக்க விட்டிருக்கிறேன். தையில் மச்சானுக்குக் கலியாணம். பலகை அடித்துத் தரட்டாம், இந்த முறை மகிழடித்தீவைக் கரையில் போடட்டாம்.